பூவுக்குப் பூ அதே இடத்தில்

கேம் திறக்கவில்லை என்று ஆனேக்கல்லில் என் கடைக்கு வருகிற பையன்கள் என்ன ஆயிற்று என்று சொல்வதில்லை. என்ன செய்ய வேண்டும் என்றுதான் சொல்கிறார்கள். "அண்ணா, ஃபார்மட் போட்டுக் குடுங்க." சந்தாபுரம், அத்திப்பள்ளி பக்கத்துக் கல்லூரி மாணவர்கள், பொம்மசந்திராவிலும் ஜிகணியிலும் ஷிஃப்ட் முடித்து வருகிறவர்கள், லேப்டாப்பை முதுகில் மாட்டிக்கொண்டு தளி ரோட்டில் எல்லை தாண்டி பைக்கில் வருகிறவர்கள் என எல்லோர் வாயிலும் அதே சொல்தான்.

ஃபார்மட் போட்டால் விண்டோஸ் புதிதாகும். கேமை மறுபடி இறக்க வேண்டும். இன்றைய பெரிய கேம் ஒன்று 100 ஜிபியைச் சர்வசாதாரணமாகத் தொடுகிறது. வாடகை அறையில் நாளைக்கு 2 ஜிபி போன் டேட்டாவை ஹாட்ஸ்பாட் வைத்து ஓட்டுகிறவனுக்கு அது ஐம்பது நாள் சமாசாரம். கெட்டிருப்பதோ பெரும்பாலும் அதில் சில எம்பி.

ஒன்றை வெளிப்படையாகச் சொல்லிவிடுகிறேன். நானும் விளையாடுகிறவன், நாற்பதைத் தாண்டிய பிறகும். ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு ஒரு மணி நேரம் ஆடாமல் வீட்டுக்குப் போவது அபூர்வம். கடைக்கு டேலி டேட்டா வரும், கல்யாண ஃபோட்டோ வரும், பிஎச்டி ஆய்வேடும் வந்திருக்கிறது. அவற்றுக்குக் கொடுக்கிற அதே கவனத்தை ஒரு பையனின் கேமுக்கும் கொடுக்கிறேன். அதில் அவன் போட்டிருக்கிற மணிநேரங்கள் எனக்குத் தெரியும்.

ஸ்டீமில் வாங்கிய கேம் என்றால் வழி இருக்கிறது. லைப்ரரியில் கேமின் பெயர்மேல் ரைட் கிளிக், பிராப்பர்ட்டீஸ், அதற்குள் இன்ஸ்டால்டு ஃபைல்ஸ், அங்கே 'வெரிஃபை இன்டெக்ரிட்டி ஆஃப் கேம் ஃபைல்ஸ்'. எபிக்கிலும் வெரிஃபை உண்டு. பட்டன் எங்கே இருக்கிறது என்று பையன்களுக்கே தெரியும். அமுக்கினால் உள்ளே என்ன நடக்கிறது என்பது தெரிந்தால்தான் அது எதைச் சரிசெய்யும், எதைத் தொடாது என்பது பிடிபடும்.

கேமை வெளியிடும்போதே ஒவ்வொரு ஃபைலையும் சுமார் 1 எம்பி துண்டுகளாகப் பிரித்து, ஒவ்வொரு துண்டுக்கும் எஸ்எச்ஏ-1 என்ற கணக்கின்படி ஓர் எண் போட்டு வைக்கிறார்கள். துண்டு எதுவானாலும் எண் 160 பிட்தான். எழுதினால் 40 எழுத்து. உள்ளே ஒரே ஒரு பிட் மாறினாலும் அந்த எண் அடையாளமே தெரியாமல் மாறிவிடும். வெரிஃபை கொடுத்ததும் ஸ்டீம் நம் டிஸ்கில் இருக்கிற ஃபைலை முதலிலிருந்து கடைசிவரை படித்து, அதே கணக்கைப் போட்டு, பட்டியலோடு ஒத்துப் பார்க்கிறது. ஒத்துவராத துண்டை மட்டும் மறுபடி இறக்குகிறது. மூன்று துண்டு கெட்டிருந்தால் செலவு சுமார் 3 எம்பி. ஐம்பது நாள் எங்கே, இது எங்கே! முடிவில் ஓரிரு ஃபைல் தேறவில்லை என்று காட்டினால் பதற வேண்டியதில்லை. நம் கம்ப்யூட்டருக்கென்று அமைந்த செட்டிங்ஸ் ஃபைல்கள் பட்டியலோடு ஒத்துப்போகாமல் இருப்பது வழக்கம்தான்.

விஷயம் தெரிந்த ஒரு மாணவன் கேட்டான்: "எஸ்எச்ஏ-1தான் உடைஞ்சு போச்சே அண்ணா?" உண்மைதான். 2017இல் கூகுளும் ஆம்ஸ்டர்டாமில் இருக்கும் சிடபிள்யூஐ ஆய்வு நிறுவனமும் சேர்ந்து, ஒரே எண் வரும்படி இரண்டு வெவ்வேறு ஃபைல்களைத் தயாரித்துக் காட்டின. அது வேண்டுமென்றே ஏமாற்றுகிறவனைப் பற்றிய கவலை. தானாகக் கெட்டுப்போகிற ஃபைலைப் பிடிக்க அந்தக் கணக்கு இன்றும் தாராளம்.

இங்கே ஒரு வேறுபாட்டை நான் மனதில் பதித்துக்கொள்ளப் பல காலம் ஆனது. கெட்டிருக்கிறது என்று கண்டுபிடிப்பது ஒரு வேலை, கெட்டதைச் சரியாக்குவது வேறு வேலை. 1940களின் கடைசியில் பெல் லேப்ஸில் ரிச்சர்ட் ஹாமிங் வார இறுதிகளில் தன் கணக்கை ரிலே கம்ப்யூட்டரில் ஏற்றிவிட்டு வீட்டுக்குப் போவார். பிழை தென்பட்டால் இயந்திரம் அந்தக் கணக்கை அப்படியே விட்டுவிட்டு அடுத்த வேலைக்குப் போய்விடும். திங்கட்கிழமை வந்து பார்த்தால் ஒன்றும் நடந்திருக்காது. பிழை இருக்கிறது என்று கண்டுபிடிக்கிற இயந்திரத்துக்கு அது எந்த இடத்தில் என்று ஏன் தெரியக்கூடாது என்ற எரிச்சலில் பிறந்ததுதான் 1950இல் வந்த அவருடைய கட்டுரை. 1960இல் ரீடும் சாலமனும் இன்னும் வலுவான முறை ஒன்றைத் தந்தார்கள். 1982இல் விற்பனைக்கு வந்த சிடி அதை நம்பித்தான் ஓடியது. தகவலோடு கூடவே மிகைத் தகவலும் கலந்து எழுதப்பட்டிருப்பதால், தடத்தின் வழியே சுமார் 2.5 மில்லிமீட்டர் நீளத்துக்குக் கீறல் விழுந்தாலும் பாட்டு நிற்காது. சிடியை வட்டமாகத் துடைக்காதே, நடுவிலிருந்து வெளிப்பக்கமாகத் துடை என்று அப்போது சொன்னதும் இதனால்தான். வட்டக் கீறல் ஒரே தடத்தில் ஓடி அந்த எல்லையைத் தாண்டிவிடும்.

டிஸ்கில் கிடக்கிற கேம் ஃபைல் பொதுவாக அப்படி மிகையைச் சுமந்துகொண்டு இருப்பதில்லை. எண் பட்டியல் 'இது கெட்டது' என்று சொல்லும். நல்லதை அதனால் உண்டாக்க முடியாது. நல்ல பிரதி எங்கோ ஒன்று இருந்தாக வேண்டும்.

போனிலும் இதேதான். பப்ஜி மொபைலை 2020 செப்டம்பர் 2ஆம் தேதி அரசு தடை செய்தபோது பையன்கள் கேமின் டேட்டா அடங்கிய ஓபிபி ஃபைலைப் போனுக்குப் போன் மாற்றிக்கொண்டு திரிந்தார்கள். 2021 ஜூலை 2இல் அதன் இந்திய வடிவமான பிஜிஎம்ஐ வந்த பிறகும் டேட்டா மிச்சம் பிடிக்க அந்தப் பழக்கம் தொடர்ந்தது. பாதியில் அறுந்த காப்பிக்குப் பெயரும் சரியாக இருக்கும், இடமும் சரியாக இருக்கும், கேம் மட்டும் திறக்காது. இரண்டு போனிலும் அளவை பைட் கணக்கில் ஒத்துப் பாருங்கள் என்பேன். ஜிபி கணக்கில் பார்த்தால் சில சமயம் இரண்டும் ஒன்றாகவே தெரியும். பிஜிஎம்ஐ லாகின் திரையிலேயே ரிப்பேர் பட்டன் ஒன்று இருக்கிறது. கேமை அழித்துவிட்டு மறுபடி போடுவதற்கு முன் அதைத் தொட்டுப் பார்க்கலாம்.

இனி மாமாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். கடைக்குப் பின்தெருவில் பட்டுத்தறி வைத்திருக்கிறார். ஆனேக்கல் பட்டு நெசவுக்குப் பேர்பெற்ற ஊர். கைத்தறி குறைந்து பவர்லூம் சத்தம் கூடியிருந்தாலும் தொழில் நிற்கவில்லை. வீட்டில் தெலுங்கு, தெருவில் கன்னடம், என்னிடம் தமிழ். சொந்தம் ஒன்றும் இல்லை, கூப்பிட்டுப் பழகியதுதான் மாமா.

ஒரு காலேஜ் பையனின் கம்ப்யூட்டர் என்னைப் படுத்திக்கொண்டிருந்த நேரம் அது. வெரிஃபை போட்டால் ஒரு ஃபைல் கெட்டது என்று காட்டும். புதிதாக இறக்கும். மறுபடி போட்டால் அது சரி, வேறொன்று கெட்டது. கேமும் ஒரு நாள் பத்தாம் நிமிஷத்தில் நிற்கும், மறுநாள் ஒரு மணி நேரம் ஓடும். டீ குடிக்க வந்த மாமா என் முகத்தைப் பார்த்துவிட்டு என்னவென்று கேட்டார். சொன்னேன்.

"அதே எடத்துலயா கெடுது?"

"இல்ல மாமா, ஒவ்வொரு வாட்டியும் வேற வேற எடம்."

"அப்பறம் ஏம்ப்பா அட்டைய மாத்திட்டு இருக்க?"

எனக்குப் புரியவில்லை. கையைப் பிடித்து இழுக்காத குறையாக வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போனார். தறிக்கு மேலே ஜக்கார்டு பெட்டி. அதிலிருந்து சரம்சரமாகத் தொங்குகிறது, நூலால் கோத்த அட்டைகள். ஒரு அட்டை, குறுக்கே ஓடும் ஒரு ஊடை இழை. அட்டையில் ஓட்டை இருக்கிற இடத்தில் கொக்கி மேலே போய் நெட்டுவாக்கில் ஓடும் பாவு நூலைத் தூக்கும். ஓட்டை இல்லாத இடத்தில் தூக்காது. சரம் ஒரு சுற்று வந்தால் சேலையில் ஒரு பூ முடியும். மறுசுற்று, மறுபூ.

"பூவுக்குப் பூ அதே எடத்துல கொற வந்தா, அட்டை. நெட்டுக் கோடா ஓடுனா, கொக்கி. எங்கெங்கயோ வந்துச்சுன்னா அட்டையத் தொடாத. பாவப் பாரு, கையப் பாரு."

அவருக்கு இது பெரிய விஷயமில்லை. சின்ன வயதிலேயே தறியடியில் உட்கார்ந்து கற்றது. நான் கடைக்குத் திரும்பிப் போகும்போது வேகமாக நடந்தேன். ஜக்கார்டின் தறி 1804இல் பிரான்ஸில் வந்தது. அந்த நூற்றாண்டின் முடிவில், 1890 அமெரிக்க மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் ஹாலரித் ஓட்டை போட்ட அட்டைகளை இயந்திரத்துக்குக் கொடுத்து எண்ண வைத்தார். அதன் பிறகு பல பத்தாண்டுகள் கம்ப்யூட்டருக்குத் தகவலே அட்டையில்தான் போனது. மாமா பேசியது என் தொழிலைப் பற்றித்தான், என்னைவிட மூத்த பாஷையில்.

அந்தக் காலேஜ் பையனின் கம்ப்யூட்டரில் இரண்டு ராம் இருந்தது. ஒன்றைக் கழற்றிவிட்டு இன்னொன்றை மெம்டெஸ்ட்86இல் ராத்திரி முழுக்க ஓடவிட்டேன். பிறகு மாற்றிப் போட்டு ஓட்டினேன். இரண்டாவது ராம் சிவப்புச் சிவப்பாகப் பிழைகளைக் கொட்டியது. டிஸ்கில் இருந்த ஃபைல் ஆரம்பத்தில் நன்றாகவே இருந்திருக்க வேண்டும். அதைப் படித்து வைத்துக் கணக்குப் போடுகிற இடம் பழுது, அதனால் எண் ஒத்துவரவில்லை. இதில் கொடுமை என்னவென்றால், புதிதாக இறங்குகிற துண்டும் அதே ராம் வழியாகத்தான் டிஸ்குக்குப் போகிறது. நல்ல ஃபைலை எடுத்துவிட்டுக் கெட்டதை எழுதும் வாய்ப்பு ஒவ்வொரு ரிப்பேரிலும் இருக்கிறது. பெங்களூரு எஸ்பி ரோட்டுக்குப் போய் வேறு ராம் வாங்கிப் போட்ட பிறகு ஒரே ஒரு வெரிஃபை, அவ்வளவுதான்.

அன்றிலிருந்து கடைக்கு வருகிற ஒவ்வொருவரிடமும் முதல் கேள்வி: எங்கே நிற்கிறது, ஒவ்வொரு தடவையும் அங்கேயேவா? ஒரே கேம், ஒரே கட்டத்தில், ஒரே கதவைத் திறக்கும்போது நின்றால் ஃபைல். எந்தக் கேமைப் போட்டாலும் திரையில் ஒரே மாதிரிக் கோளாறு என்றால் கிராஃபிக்ஸ் கார்டு, அதன் டிரைவர். இடம் பொருள் இல்லாமல் நின்றால் ராம், சூடு, பவர் சப்ளை.

உலகமே இந்தக் கேள்வியில் தடுமாறியதையும் பிறகு பார்த்தேன். இன்டெலின் 13, 14ஆம் தலைமுறை டெஸ்க்டாப் பிராசஸர்கள் சிலவற்றில் கேம்கள் திறக்கும்போதே விழுந்தன. சுருக்கி வைத்த ஃபைலை விரிக்க முடியவில்லை என்று ஒரு செய்தி, வீடியோ மெமரி போதவில்லை என்று இன்னொரு செய்தி. படிக்கிறவன் ஃபைல் கெட்டது என்று நினைப்பான், அல்லது கிராஃபிக்ஸ் கார்டைச் சந்தேகிப்பான். எத்தனையோ பேர் கேமை அழித்து அழித்து இறக்கினார்கள். பிராசஸர் தேவைக்கு மேல் வோல்டேஜ் கேட்டு வாங்கித் தன்னைத்தானே கெடுத்துக்கொள்கிறது என்று 2024 ஜூலையில் இன்டெல் ஒப்புக்கொண்டது. ஆகஸ்டில் திருத்தம் வந்தது. வாரண்டியை இரண்டு ஆண்டு நீட்டித்தார்கள். ஏற்கெனவே பழுதான பிராசஸரை அந்தத் திருத்தத்தால் மீட்க முடியாது. கேமுக்கு வெளியேயும் பழுது ஃபைலில் இல்லாமல் வேறிடத்தில் இருந்ததுண்டு. பெல்ஜியத்தில் 2003 தேர்தலில் ஒரு வேட்பாளருக்கு 4096 ஓட்டு கூடுதலாக விழுந்திருந்தது. கிடைக்க வாய்ப்பே இல்லாத எண்ணிக்கை என்பதால் பிடிபட்டது. 4096 என்பது இரண்டின் பன்னிரண்டாம் அடுக்கு, அதாவது நினைவகத்தில் ஒரே ஒரு பிட் மாறினால் வருகிற வித்தியாசம். ஃபைலில் தேடியிருந்தால் கிடைத்திருக்காது.

இதுவரை சொன்ன பழுதெல்லாம் மீளக்கூடியது. ஒரே கேம் லட்சக்கணக்கான கம்ப்யூட்டரில் எழுத்துக்கு எழுத்து ஒன்றாக இருக்கிறது. அதனால்தான் சரிசெய்ய முடிகிறது. விளையாடுகிறவனின் சேவ் ஃபைல் அப்படி இல்லை. உலகத்தில் அது ஒன்றே ஒன்று. வெரிஃபை அதைத் திரும்பியும் பார்க்காது, அதற்கு எண் போட்டு வைத்த பட்டியல் யாரிடமும் கிடையாது. எந்த மெஷின் வந்தாலும் முதலில் என் கை போவது அங்கேதான். டாக்குமென்ட்ஸ், ஆப்டேட்டா ஃபோல்டர்களில் தேடி, சேவை மொத்தமாகப் பென்டிரைவில் எடுத்து வைக்காமல் வேறு எதையும் தொடுவதில்லை. அந்த ஒரு நிமிஷம் எனக்கு இன்றும் பயம் இருக்கிறது. அது போக வேண்டும் என்றும் நான் நினைக்கவில்லை.

கார்மெண்ட்ஸ் வேலைக்குப் போகிற ஒரு பெண் பழைய லேப்டாப்பைக் கொண்டுவந்தாள். பேட்டரி செத்துச் சார்ஜரில் மட்டுமே ஓடுவது. ஸ்டார்டியூ வேலி ஆடிக்கொண்டிருக்கும்போது கரண்ட் போயிருக்கிறது. எரிக் பரோன் என்ற ஒரே ஆள் உருவாக்கி 2016இல் வெளியிட்ட விவசாய கேம் அது. ஒவ்வொரு நாள் முடிவிலும் படுக்கப் போகும்போதுதான் சேவ் ஆகும். சரியாக அந்த நேரத்தில் கரண்ட் போயிருக்கிறது. அவளோடு பாட்டியும் வந்திருந்தார். தளிப் பக்கம் அவர்களுக்கு இருந்த ராகிக் கொல்லை விற்று இப்போது லேஅவுட் ஆகிவிட்டதாம். ராத்திரியில் பேத்தி பக்கத்தில் உட்கார்ந்து, எந்தக் கட்டத்தில் என்ன விதைப்பது என்று பாட்டிதான் சொல்வாராம்.

சேவ் ஃபைலைத் திறந்து பார்த்தேன். அளவு சரி, தேதி சரி. உள்ளே முழுக்க முழுக்கப் பூஜ்யம். விண்டோஸின் என்டிஎஃப்எஸ் முறை ஃபைலின் பெயரையும் அளவையும் தன் குறிப்பேட்டில் எழுதிக் காப்பாற்றிவிடும். உள்ளடக்கம் டிஸ்குக்குப் போய்ச் சேரும் முன் கரண்ட் போனால் அதற்கு அது பொறுப்பில்லை. ஆனால் இந்த கேமில் ஒரு நல்ல ஏற்பாடு உண்டு. புதிதாக எழுதும்போது முந்தைய நாளின் சேவை '_ஓல்டு' என்று வால் வைத்துப் பக்கத்திலேயே விட்டு வைக்கும். இதன் சேவ் என்பது ஃபோல்டரில் இரண்டு ஃபைல்; இரண்டுக்கும் அந்த வால் பிரதி முழுதாக இருந்தது. கெட்டவற்றை வேறிடத்துக்கு மாற்றிவிட்டு, வாலை நீக்கிப் பெயர் மாற்றித் திறந்தேன். பண்ணை வந்தது, ஒரு நாள் பின்னால்.

பேத்தி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். பாட்டி திரையைக் கூர்ந்து பார்த்துவிட்டு, "ஒரு நாள் வேலதானே போச்சு, நாளைக்கி நட்டுக்கலாம் வுடு" என்றார்.

எல்லா கேமும் இப்படிப் பழையதை வைத்திருப்பதில்லை. கிளவுட் இருக்கிறதே என்பார்கள். பூஜ்யம் நிரம்பிய ஃபைலைப் புதியது என்று நினைத்து நல்லதன்மேல் எழுதிவிடவும் கிளவுட்டுக்குத் தெரியும். எதை வைத்துக்கொள்வது என்று அது கேட்கிற பெட்டி வந்தால் தேதியையும் அளவையும் படித்துவிட்டு அமுக்குங்கள். இன்னொன்று: டிஸ்கே சாகிற நிலையில் இருந்தால் வெரிஃபையும் சரி, செக்டிஸ்கும் சரி, அதன் ஆயுளைக் குறைக்கும். 100 ஜிபியை மூச்சு விடாமல் படிப்பது நோயுற்ற ஹார்டு டிஸ்குக்குச் சுமை. கிரிஸ்டல்டிஸ்க்இன்ஃபோவில் மாற்றப்பட்ட செக்டர்களின் எண்ணிக்கை ஏறிக்கொண்டே போனால் முதலில் காப்பி, பிறகுதான் மற்றதெல்லாம்.

பிரதியே இல்லாமல் போனால்? டொராண்டோவிலிருந்து விசை கேம்ஸ் 2023 ஜூலையில் வெளியிட்ட 'வெண்பா'வில், கனடாவுக்குக் குடிபெயர்ந்த ஒரு தமிழ்த் தாயிடம் அம்மா எழுதிய சமையல் புத்தகம் இருக்கிறது. பக்கங்கள் கிழிந்தும் கறைபட்டும் கிடக்கின்றன. விடுபட்ட வரியை நாமே சமைத்துப் பார்த்துத்தான் கண்டுபிடிக்க வேண்டும். அதை ஆடும்போது இது என் தொழிலிலும் நடக்கக்கூடிய காரியம் என்று தோன்றியது. சீக்கிரமே நடந்தது.

மாமாவின் மகன் எலெக்ட்ரானிக் ஜக்கார்டு போட்டுவிட்டார். அட்டை இல்லை, டிசைன் ஃபைல் பென்டிரைவில் போகிறது. பழைய அட்டைச் சரங்களில் இருந்தவற்றை ஒவ்வொன்றாகக் கம்ப்யூட்டரில் ஏற்றி, அட்டைகளை எடைக்குப் போட்டாயிற்று. ஒரு நாள் மாமா அந்தப் பென்டிரைவை என் மேஜையில் வைத்தார். ஒரு பார்டர் டிசைன் திறக்கவில்லை. நான் மற்ற ஃபைல்களுக்கெல்லாம் எஸ்எச்ஏ எண் எடுத்துப் பட்டியல் போட்டு, கடையில் ஒன்று, அவர் வீட்டில் ஒன்று என்று பிரதி வைத்துவிட்டேன். மாதாமாதம் ஒத்துப் பார்க்கிறோம். கெட்டுப்போன ஒன்றுக்கு வழி தெரியவில்லை, மூலம் எடைக்குப் போய்விட்டது, மிச்சம் ஒன்றுமில்லை என்று சொன்னேன்.

"ஏன் இல்ல? நெஞ்ச சேல இருக்குதே" என்றார் மாமா.

அந்தப் பார்டர் போட்ட சேலை ஓசூரில் கட்டிக்கொடுத்த மகளின் பீரோவில் இருக்கிறது. இழை எண்ணும் கண்ணாடியை வைத்து ஒரு பூவுக்கு எத்தனை ஊடை, எந்த ஊடையில் எந்தப் பாவு மேலே என்று எண்ணினால் டிசைனின் கிராஃபைத் திரும்ப எழுதிவிடலாம். ஞாயிற்றுக்கிழமைகளில் எண்ணிக்கொண்டிருக்கிறோம். மாமா சொல்லச் சொல்ல நான் கட்டங்களை நிரப்புகிறேன். பாதிப் பூ வந்திருக்கிறது.